"சத்தம் வரவில்லை" என்ற புகாருக்கு "அழித்துவிட்டு மீண்டும் நிறுவுக" என்பது விடையன்று

சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை பெங்களூரிலிருந்து அக்கா அழைத்தாள். ஆய்வேட்டின் மூன்றாம் இயல் எந்த நிலையில் இருக்கிறது என்று கேட்பாளோ என அஞ்சிக்கொண்டேதான் எடுத்தேன். நல்லவேளை, அதைக் கேட்கவில்லை. "தம்பி, இவன் கேம்ல ரெண்டு நாளா சத்தமே வரல. கம்பெனிக்கு எழுதினேன். அவங்க சொன்ன மாதிரியே செஞ்சேன். இப்போ கேமே போச்சுடா" என்றாள். ஆறாம் வகுப்புப் படிக்கும் அவள் மகன் பின்னால் விசும்பிக்கொண்டிருந்தான்.

நடந்தது இதுதான். வயல் உழுது, வீடு கட்டி, ஊர் சமைக்கும் விளையாட்டு ஒன்றை அவன் ஒன்றரை ஆண்டாக அக்காவின் கைப்பேசியில் ஆடிவந்தான். திடீரென ஒருநாள் சேவல் கூவவில்லை, சுத்தியல் தட்டவில்லை, இசையும் இல்லை. விளையாட்டின் உதவிப் பக்கத்தில் அக்கா தமிழிலேயே புகார் எழுதினாள். தமிழிலேயே பதிலும் வந்தது. "தங்கள் சாதனத்தில் ஒலி முடக்கப்பட்டிருக்கலாம். செயலியை நிறுவல் நீக்கம் செய்து மீண்டும் நிறுவவும். தங்கள் பொறுமைக்கு நன்றி." சொன்னபடி செய்தாள். பையன் விருந்தினர் கணக்கில் ஆடியவன். மின்னஞ்சலோடு இணைக்காத கணக்கு செயலியோடு சேர்ந்தே அழிந்தது. ஒன்றரை ஆண்டு உழவு ஒரு விரல் தொடுகையில் போயிற்று. மீண்டும் நிறுவிய பிறகும் சத்தம் வரவில்லை என்பதுதான் இதில் கொடுமை.

காணொளி அழைப்புக்கு மாறி, ஒலியளவுப் பொத்தானை அழுத்தி, திரையில் தோன்றும் பட்டையை விரித்துக் காட்டச் சொன்னேன். ஒலி செல்லும் இடம் என்ற வரியில் கைப்பேசியின் பெயர் இல்லை. ஒரு புளூடூத் ஸ்பீக்கரின் பெயர் இருந்தது. அது அவர்களுடையதுதான். மாடிவீட்டுக் குழந்தையின் பிறந்தநாளுக்கு இரவல் கொடுத்தது, அங்கேயே மின்னூட்டத்தில் கிடந்திருக்கிறது. பையன் கீழே ஆட ஆட, சேவல் இரண்டு நாளாக மாடியில் கூவியிருக்கிறது. சுத்தியல் ஓசையை அடுத்த மனையில் நடக்கும் கட்டடவேலை என்று மாடிவீட்டுப் பாட்டி நினைத்துக்கொண்டாராம்.

இதை ஒரு குடும்ப வேடிக்கையாகச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். அக்காவும் அப்படித்தான் சிரித்துச் சமாளித்தாள். எனக்கு மனம் ஆறவில்லை. அந்தப் பதிலில் இருந்த மூன்று வாக்கியங்களும் மூன்று விதமாகத் தவறானவை; அவற்றை எழுதியவருக்கு அவை தவறு என்று தெரிவதற்கான வழியும் இல்லை. புகார் தீர்ந்ததாகக் குறித்துக்கொண்டு அடுத்ததற்குப் போயிருப்பார். மொழியியல் படித்தவனுக்கு இதில் என்ன வேலை என்று கேட்பவர்களுக்கு என் மறுமொழி, இது முழுக்க முழுக்க மொழிச் சிக்கல் என்பதே. கருவி அன்று பழுதாகவே இல்லை. அது பேசவேண்டிய இடத்தில் பேசவில்லை. பேசியவர்கள் பொருளின்றிப் பேசினார்கள்.

முதலில் அக்காவின் வாக்கியத்தை எடுத்துக்கொள்வோம். அவள் "சத்தம் இல்லை" என்று சொல்லவில்லை. "சத்தம் வரல" என்றாள். தமிழர் பெரும்பாலும் அப்படித்தான் சொல்கிறோம். தண்ணீர் வரவில்லை, மின்சாரம் வரவில்லை, சத்தம் வரவில்லை. 'வா' என்னும் வினை ஒரு புறப்பாட்டையும் ஒரு வழியையும் தன்னுள் கொண்டது. எங்கிருந்தோ கிளம்பிய ஒன்று என்னிடம் வந்து சேரவில்லை என்பதே அவ்வாக்கியத்தின் பொருள். இந்தச் சிக்கலைப் பற்றி இதைவிடச் செம்மையான கோட்பாடு எந்தப் பொறியியல் கையேட்டிலும் இருக்க வாய்ப்பில்லை. கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை என்றால் உழவர் என்ன செய்வார்? வாய்க்கால் வழியே மேல்நோக்கி நடந்து, எந்த மடை அடைபட்டிருக்கிறது, எவர் வயலுக்குத் திருப்பியிருக்கிறார்கள் என்று பார்ப்பார். ஏரியைத் தூர்த்துவிட்டுப் புதிய ஏரி வெட்டச் சொல்பவரை ஊரில் எவரும் மதிக்கமாட்டார்கள். நிறுவல் நீக்கம் செய்யச் சொல்லும் உதவிப் பக்கத்தை மட்டும் ஏன் மதிக்கிறோம்?

இனி, "முடக்கப்பட்டிருக்கலாம்". யாரால்? தமிழில் 'படு' சேர்ந்த செயப்பாட்டு வினை பேச்சில் அரிது. எழுத்தில்தான், அதிலும் அலுவலக எழுத்தில்தான், அது செழித்து வளர்கிறது. அதன் பெரும்பயன் எழுவாயை மறைப்பது. நிலம் கையகப்படுத்தப்பட்டது, விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது, ஒலி முடக்கப்பட்டிருக்கலாம். செய்தவன் வாக்கியத்திலிருந்து நழுவிவிடுகிறான். (இந்தப் பதிவிலேயே தேடினால் என்னுடைய 'பட்டது'களும் சில அகப்படும். ஆய்வேடு எழுதி எழுதிப் படிந்த பழக்கம், பொறுத்தருள்க.) ஆனால் கைப்பேசியில் ஒலி தானாக முடங்குவதில்லை. ஒவ்வொரு மௌனத்துக்கும் ஒரு கருத்தா உண்டு. இயக்க முறைமையோ, விளையாட்டை எழுதிய நிரலாளரோ, உலாவியோ, புளூடூத் கருவியோ, என்றோ ஒருநாள் ஒரு பொத்தானைத் தொட்ட நாமோ, யாரோ ஒருவர் அதைச் செய்திருக்கிறார். அந்தக் கருத்தாவின் பெயரைச் சொல்வதுதான் உதவி. பெயரை மறைத்துவிட்டு அறிவுரை தருவதற்கு உதவி என்று பெயரில்லை.

இந்த மடைகளைக் கொஞ்சம் நடந்து பார்ப்போம். தமிழில் 'ஒலியளவு' என்று ஒரே சொல்லைச் சொல்லிவிடுகிறோம். ஆண்ட்ராய்டு கைப்பேசிக்குள் அது ஒன்றன்று. அழைப்பு மணிக்கு ஒன்று, அறிவிப்புகளுக்கு ஒன்று, அலாரத்துக்கு ஒன்று, தொலைபேசிப் பேச்சுக்கு ஒன்று, பாட்டு, படம், விளையாட்டு எல்லாவற்றுக்கும் சேர்த்து 'மீடியா' என்று ஒன்று. நிரலாளர்கள் இவற்றை ஓடைகள் என்றே பொருள்படும் ஆங்கிலச் சொல்லால் அழைக்கிறார்கள். நம் வாய்க்கால் உவமை அவர்களுக்கும் அந்நியமன்று. 2018இல் வந்த ஆண்ட்ராய்டு 9க்கு முன்பு, எதுவும் ஒலிக்காத வேளையில் பக்கவாட்டுப் பொத்தானை அழுத்தினால் அழைப்பு மணியே கூடும் அல்லது குறையும். மணி உச்சத்தில் இருக்கும், மீடியா சுழியத்தில் கிடக்கும், பயனரோ "சத்தத்தை முழுசா வைத்திருக்கிறேனே" என்று சத்தியம் செய்வார். அவர் பொய் சொல்லவில்லை. 9ஆம் பதிப்பிலிருந்து பொத்தான் இயல்பாகவே மீடியாவைத் திருத்துகிறது. பழைய கைப்பேசியில் கற்ற பழக்கத்தோடு புதியதற்கு வந்தவர்கள், மணியைக் குறைப்பதாக எண்ணி மீடியாவைக் குறைத்துவிட்டு அடுத்தநாள் விளையாட்டில் திகைக்கிறார்கள்.

அதோடு முடிவதில்லை. அந்த மீடியா அளவும் ஒலி வெளியேறும் வாய்க்கு வாய் வேறுபடும். கைப்பேசியின் சொந்த ஸ்பீக்கருக்கு ஓர் அளவு, கம்பி இயர்போனுக்கு ஓர் அளவு, புளூடூத்துக்கு ஓர் அளவு எனத் தனித்தனியே அது நினைவில் வைத்திருக்கும். இயர்போனைப் பிடுங்கியதும் அளவு வேறாகத் தாவுவது அதனால்தான். 'ஒலியளவைக் கூட்டவும்' என்னும் அறிவுரை, இந்நிலையில், 'மருந்தைச் சாப்பிடவும்' என்பதற்கு நிகரானது.

ஐபோனில் கதை வேறு. 2007இல் வந்த முதல் ஐபோனிலிருந்தே இடப்பக்கத்தில் ஒரு சிறு நெம்பு உண்டு. அதைத் தள்ளினால் ஆரஞ்சுக் கோடு தெரியும், மணி அடங்கும். 2023இல் ஐபோன் 15 புரோ வகையில் அந்த நெம்பின் இடத்தில் ஓர் அழுத்துபொத்தான் வந்தது. மணியை அடக்கும் அந்த நெம்பு பெரும்பாலான விளையாட்டுகளையும் அடக்கும். ஆனால் யூடியூபை அடக்காது. ஏன்? செயலியை எழுதுபவர் தம் ஒலி எந்த வகையைச் சேர்ந்தது என்று அறிவிக்கவேண்டும் என்பது ஆப்பிளின் ஏற்பாடு. படம், பாட்டு போல ஒலியே உயிரான செயலிகள் நெம்புக்குக் கட்டுப்படாத வகையைத் தேர்கின்றன. ஒலி வெறும் பின்னணி என்று கருதும் செயலிகள் கட்டுப்படும் வகையைத் தேர்கின்றன. நிரலாளர் வாய் திறக்காமல் விட்டுவிட்டால் கட்டுப்படும் வகையே தானாக அமைந்துவிடும். ஆக, ஒரே கைப்பேசி, ஒரே நெம்பு. பாட்டு கேட்கிறது, விளையாட்டு ஊமையாகிறது. பயனர் இதிலிருந்து எடுக்கும் முடிவு முற்றிலும் அறிவார்ந்தது: "ஸ்பீக்கர் நன்றாக இருக்கிறது, எனவே விளையாட்டுதான் கெட்டுப்போயிற்று." தருக்கம் சரி, முடிவு தவறு. தவறின் காரணம் அவருக்கு மறைத்த ஒரு முன்னுரை.

நெம்பு விளையாட்டை அடக்குவதை நான் எதிர்க்கவில்லை. நூலகத்திலும் தொடர்வண்டியிலும் அது நல்ல பண்பாடு. அடக்கியதை அடக்கியவன் சொல்லவேண்டும் என்பது மட்டுமே என் வழக்கு.

உலாவியில் ஆடும் விளையாட்டுகளுக்கு இன்னொரு மடை. பயனர் திரையைத் தொட்டாலன்றி ஒலி எழக்கூடாது என்னும் விதி கைப்பேசி உலாவிகளில் முன்பிருந்தே உண்டு. கேளாமலே கத்தும் விளம்பரப் படங்களை ஒடுக்க இதே போன்ற விதியைக் கணினிக்கான குரோம் தன் 66ஆம் பதிப்பில், 2018 ஏப்ரலில், கொண்டுவந்தது. நோக்கத்தில் குறையில்லை. ஆனால் வலையில் கிடந்த பழைய விளையாட்டுகளும் ஒலிக்கலைப் படைப்புகளும் ஒரே நாளில் ஊமையாயின. தனியாளாய் நின்று அவற்றை எழுதியவர்கள் கொதித்தெழவே, மே மாதத்தில் விளையாட்டுகளைப் பாதித்த பகுதியைக் கூகுள் தற்காலிகமாக விலக்கிக்கொண்டது. சில தளர்வுகளோடு ஆண்டிறுதியில் மீண்டும் கொண்டுவந்தது. இங்கே கவனிக்கவேண்டியது ஒன்று உண்டு. அந்த விளையாட்டை அன்று திறந்த எவருக்கும் "உலாவி ஒலியை நிறுத்தியுள்ளது, திரையைத் தொடுக" என்று உலாவி சொல்லவில்லை. படைப்பாளிகள் பதறியதால் செய்தி வெளியே தெரிந்தது. படைப்பாளி கைவிட்டுப்போன விளையாட்டுக்காகப் பதற யார் இருக்கிறார்கள்?

அழைப்பு வந்தபின் விளையாட்டு மௌனமாவதைப் பலரும் கண்டிருப்பீர்கள். அழைப்பு வரும்போது ஒலி உரிமையை விளையாட்டு விட்டுக்கொடுக்கிறது. பேசி முடித்தபின் திரும்பப் பெறும் வேலையை நிரலாளர் எழுத மறந்திருந்தால் அது வாய்மூடியே இருக்கும். இங்கு மட்டும் "மூடிவிட்டுத் திறக்கவும்" உண்மையிலேயே வேலை செய்யும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஒலிக்கோப்புகளைத் தனியே பதிவிறக்கும் விளையாட்டுகளில் அந்தப் பதிவிறக்கம் பாதியில் நின்றிருந்தால், மீண்டும் நிறுவுவதும் பயன்தரக்கூடும். குழுவாகச் சுடும் விளையாட்டுகளில் ஒலிவாங்கியைத் திறந்தவுடன் புளூடூத் இயர்போன் பாட்டு கேட்கும் முறையிலிருந்து தொலைபேசி பேசும் முறைக்குத் தாவும். ஒலி தேய்ந்து தகரம்போல் ஆகும். அளவும் பேச்சின் கணக்குக்குப் போய்விடும். இவ்வளவு வேறுபட்ட காரணங்களுக்கும் வெளியே தெரியும் அடையாளம் ஒன்றே ஒன்று: மௌனம்.

இலக்கணம் படித்தவர்களுக்கு இந்த நிலை புதிதன்று. வேற்றுமைத் தொகையில் உருபு மறைந்து நிற்கும்; மறைந்தது எது என்பதைச் சொற்களின் உறவு காட்டிக்கொடுக்கும். பால்குடம் என்றால் பாலை உடைய குடம் என்பது குழந்தைக்கும் தெரியும்; பாலால் செய்த குடம் என்று எவரும் மயங்குவதில்லை. இன்மைக்கும் பொருளுண்டு, அந்தப் பொருளைக் கேட்பவர் மீட்டெடுக்க முடியவேண்டும் என்பதுதான் அங்கே நிபந்தனை. விளையாட்டின் மௌனத்தில் அந்த நிபந்தனை உடைகிறது. பத்துக் காரணங்கள் ஒரே வெறுமைக்குள் ஒளிந்துகொள்கின்றன. மீட்டெடுக்க ஒரு குறிப்பும் இல்லை.

இது பிள்ளைகளின் விளையாட்டுச் சங்கதி, இதற்கா இவ்வளவு நீளம் என்று கேட்பவர்களை எங்கள் விடுதிக்கு அழைக்கிறேன். இங்கே ஹைதராபாத்தில் என் அறைக்கு இரண்டு அறை தள்ளி ஒரு பார்வையற்ற ஆய்வாளர் இருக்கிறார். எனக்கு மூத்தவர், நான் அண்ணன் என்றே அழைப்பவர். அவர் ஆடும் விளையாட்டுகளில் ஒன்று 'எ பிளைண்ட் லெஜண்ட்'. பிரெஞ்சு நிறுவனமான டோவினோ 2015இல் வெளியிட்டது. அதில் படமே கிடையாது. பார்வையிழந்த வீரன் ஒருவனாக நாம் நடக்கவேண்டும். அவனுடைய மகள் குரல் கொடுத்து வழிகாட்டுவாள். அவள் குரல் வரும் திசைதான் பாதை. வாள் காற்றைக் கிழிக்கும் திசைதான் பகைவன். இரு காதுகளுக்கும் வெவ்வேறாக ஒலி சென்றால்தான் அந்த உலகமே இருக்கும்.

ஒருநாள் அண்ணன் முதல் கட்டத்திலேயே திரும்பத் திரும்பச் செத்துக்கொண்டிருந்தார். மகளின் குரல் எல்லாத் திசையிலிருந்தும் வருகிறது என்றார். பார்வையுள்ள இளையவர்கள் இருவர் கைப்பேசியை வாங்கிக் காதில் வைத்துப் பார்த்துவிட்டு, "சத்தம் நல்லாத்தானே வருது" என்று திருப்பிக் கொடுத்திருக்கிறார்கள். சத்தம் வந்தது உண்மை. திசை வரவில்லை. காரணம் அற்பமானது. முன்பு அவருடைய இயர்போனில் ஒரு பக்கம் செத்திருந்தபோது, பாடநூல்களைக் கேட்பதற்காக, இரு பக்க ஒலியையும் ஒன்றாகக் கலந்துதரும் 'மோனோ' அமைப்பை யாரோ இயக்கிக் கொடுத்திருக்கிறார்கள். இயர்போன் மாறியது, அமைப்பு மாறவில்லை. அதை அணைத்ததும் மகள் இடப்பக்கம் போனாள்.

இன்னொன்றையும் அவரிடமிருந்துதான் கற்றேன். திரையை வாசித்துச் சொல்லும் டாக்பேக்கின் குரலுக்கென ஆண்ட்ராய்டு 8ஆம் பதிப்பிலிருந்து தனி ஓடை உண்டு. எனவே கைப்பேசி வாய் ஓயாமல் பேசிக்கொண்டிருக்கும்போதே மீடியா சுழியத்தில் கிடக்கலாம். உதவ வருபவர்கள் "போன் பேசுதே, அப்போ ஸ்பீக்கர் நல்லா இருக்கு, கேம்தான் சரியில்ல, அழிச்சிடுங்க" என்கிறார்கள். கண்ணுள்ளவருக்கு ஒலி போனால் விளையாட்டின் சுவை குறைகிறது. அவருக்கு விளையாட்டே போய்விடுகிறது. அழிக்கச் சொல்லும் அறிவுரை அவரிடம் இருமடங்கு திருடுகிறது. ஊனமுற்றோர் உரிமைச் சட்டம் 2016இன் 42ஆம் பிரிவு, அன்றாடப் பயன்பாட்டுக்கான மின்னணுக் கருவிகள் அனைவருக்கும் ஏற்ற வடிவமைப்பில் கிடைக்க அரசு நடவடிக்கை எடுக்கவேண்டும் என்கிறது. தன் மௌனத்தின் காரணத்தைக் காதுக்குச் சொல்லாத கருவி அனைவருக்குமான கருவி ஆகுமா?

விளையாட்டு நிறுவனத்தில் வேலைபார்க்கும் நண்பரிடம் இதையெல்லாம் கொட்டினேன். அவருடைய மறுப்பு நேர்மையானது. பேருந்திலும் வகுப்பின் கடைசி இருக்கையிலும் எத்தனையோ பேர் ஒலியை அணைத்துத்தான் ஆடுகிறார்கள், ஒவ்வொரு முறையும் "ஒலி அணைந்துள்ளது" என்று குறுக்கே விழுந்தால் எரிச்சலாகும் என்றார். ஒப்புக்கொள்கிறேன், குறுக்கே விழவேண்டாம். அமைப்புகள் பக்கத்தில் இசை, ஒலி என்று இரண்டு பட்டைகள் வைத்திருக்கிறீர்களே, அவற்றின் கீழே ஒரு வரி போதும். "உங்கள் ஒலி இப்போது இந்தப் பெயருள்ள ஸ்பீக்கருக்குப் போகிறது." "உங்கள் கைப்பேசியில் மீடியா அளவு சுழியத்தில் உள்ளது." இவற்றை ஆண்ட்ராய்டில் செயலி கேட்டுத் தெரிந்துகொள்ளலாம், அதற்கு வழி இருக்கிறது என்பதை அவரும் மறுக்கவில்லை. ஐபோனில் ஒலி செல்லும் இடத்தையும் அளவையும் அறியலாம். ஆனால் நெம்பின் நிலையைக் கேட்க ஆப்பிள் வெளிப்படையான வழி எதையும் தரவில்லை. ஓசையற்ற ஒரு துணுக்கை ஒலிக்கவிட்டு, அது முடிய எடுத்துக்கொள்ளும் நேரத்தைக் கொண்டு நெம்பின் நிலையை ஊகிக்கும் குறுக்குவழியை நிரலாளர்கள் கையாள்கிறார்கள். கதவு பூட்டியிருக்கிறதா என்று அறியக் கல்லெறிந்து பார்ப்பது போன்றது அது. இந்தப் பழி நண்பருடையது அன்று, ஆப்பிளுடையது. ஒலியே இல்லாத காணொளியைத் தொட்டால் "இதில் ஒலி இல்லை" என்று இன்ஸ்டாகிராம் சொல்கிறது. இல்லாததையும் அணைந்ததையும் பிரித்துச் சொல்வது இயலாத காரியமன்று என்பதற்கு அதுவே சான்று.

உதவிப் பக்கங்களை எழுதுவோர் மீது எனக்குள்ள கோபம் வேறு வகையானது. நிறுவல் நீக்கம் என்பது எழுதுபவருக்குச் செலவில்லாத அறிவுரை. அவர் எதையும் கேட்டறிய வேண்டியதில்லை, செலவு முழுவதும் பயனருடையது. அதைச் சொல்வதற்கு முன், "உங்கள் கணக்கு எதனோடாவது இணைந்திருக்கிறதா?" என்ற ஒரு கேள்வி போதும், ஒன்றரை ஆண்டு பிழைத்திருக்கும். ஐபோனில் 2017இன் ஐஓஎஸ் 11 முதல் தரவை வைத்துக்கொண்டு செயலியை மட்டும் இறக்கிவைக்கும் வசதி இருக்கிறது. 'நீக்கு' என்பது வேறு. ஆண்ட்ராய்டில் தற்காலிகச் சேமிப்பை அழிப்பதும் தரவை அழிப்பதும் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும் இரண்டு பொத்தான்கள். முன்னது பெரும்பாலும் தீங்கற்றது, பின்னது சுடுகாடு. அவசரத்தில் தமிழாக்கிய பக்கத்தில் இரண்டும் 'அழி' என்றே நின்றால் யார் பொறுப்பு?

தமிழாக்கம் என்றவுடன் இன்னொன்று. அக்கா வலையில் தேடியது "கேம்ல சத்தம் வரல" என்று. உதவிப் பக்கத்தின் தலைப்பு "ஆடியோ வெளியீட்டுச் சிக்கல்களைச் சரிசெய்தல்" என்ற பாணியில் இருக்கும். இரட்டை வழக்கு மொழியின் இரு கரைகளில் கேள்வியும் விடையும் நிற்கின்றன, நடுவே பாலமில்லை. செந்தமிழில் பதிவெழுதிக்கொண்டு இதைச் சொல்ல எனக்கு உரிமை உண்டா என்று கேட்கலாம். வாதிடுவதற்குச் செந்தமிழ் எனக்கு வேண்டும். அக்காவுக்கு உதவ அது வேண்டாம். எங்கள் குடும்ப வாட்ஸப் குழுவில் அன்றிரவு நான் இட்டது இது:

"கேம் ஓடிக்கிட்டு இருக்கும்போதே சத்தம் கூட்டுற பட்டனை ஒரு தடவை அழுத்துங்க. வர்ற பட்டையை விரிச்சு, மீடியான்னு இருக்கிறதைப் பாருங்க. மணி படம் போட்டது வேற, அதைத் தொடாதீங்க. அங்கேயே சத்தம் எதுக்குப் போகுதுன்னு பேர் இருக்கும். போன் பேர் இல்லைன்னா புளூடூத்தை அணைங்க. இன்னும் வரலைன்னா யூடியூப்ல ஒரு பாட்டு போடுங்க. பாட்டும் கேக்கலைன்னா போன்லதான் ஏதோ. பாட்டு கேக்குது, கேம் மட்டும் கேக்கலைன்னா, ஐபோனா இருந்தா சைலன்ட்ல இருக்கான்னு பாருங்க, அப்புறம் கேமுக்குள்ள செட்டிங்ஸ்ல மியூசிக், சவுண்ட் ரெண்டும் ஆன்ல இருக்கான்னு பாருங்க. கேமை மூடித் திறங்க. போனை ஒரு தடவை அணைச்சுப் போடுங்க. எதுக்கும் அசையலைன்னா எனக்கு போன் பண்ணுங்க. கேமை மட்டும் அழிக்காதீங்க. அழிச்சே ஆகணும்னா முதல்ல ஜிமெயிலோட சேருங்க."

சித்தப்பா இதற்குக் கட்டைவிரல் உயர்த்தினார். சித்தி, அவருடைய சீட்டாட்டச் செயலிக்கும் இது பொருந்துமா என்று கேட்டார். பொருந்தும் என்றேன். பல கோடிப் பேர் ஆடும் விளையாட்டை நடத்துபவர்களால் இந்த ஒரு பத்தியை எழுத முடியாதா? எழுதத் தெரிந்தவர்கள் இல்லையென்றால் எங்கள் துறையிலேயே வேலைக்குக் காத்திருப்பவர்கள் இருக்கிறார்கள்.

அக்கா மகன் இரண்டாவது ஊரைத் தொடங்கியிருக்கிறான். இம்முறை மின்னஞ்சலோடு. "மாமா, பழைய ஊர்ல எட்டு மாடு இருந்துச்சு" என்று நேற்றும் சொன்னான்.

விளையாட்டில் சத்தம் வரவில்லை என்று எழுதி, உதவிப் பக்கத்திலிருந்து தமிழில் நீங்கள் பெற்ற பதில் ஏதேனும் இருந்தால் அதன் திரைப்படத்தைக் கீழே இடுங்கள். உங்கள் பெயரையும் நிறுவனத்தின் பெயரையும் மறைத்துவிடுங்கள். எனக்கு வேண்டியவை வினைமுற்றுகள் மட்டுமே. எத்தனை வாக்கியங்களில் எழுவாய் இருக்கிறது என்று எண்ணிப் பார்க்கப்போகிறேன். மூன்றாம் இயல் அதுவரை காத்திருக்கும்.